இரண்டு குருணை

ஜனவரி 17, வெள்ளி

இதை எடுத்துப் படிக்கிறவர் யாராக இருந்தாலும் உங்கள் காலைத் தொட்டுக் கேட்கிறேன், யாரிடமும் காட்டாதீர்கள். அம்மாவிடம் காட்டவே காட்டாதீர்கள். படித்து முடித்ததும் அடுப்பில் போட்டுவிடுங்கள். எங்கள் ஊர்ப் பெயரை எழுத மாட்டேன். காங்கேயத்திலிருந்து தாராபுரம் போகிற வழியில் எங்கேயோ ஒரு தோட்டத்து வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள். என் பெயர் சுபி. ஒன்பதாவது படிக்கிறேன்.

இன்று ஸ்கூல் வேனை விட்டு இறங்கி இட்டேரி வழியாக வந்தேன். இரண்டு பக்கமும் வேலி அடைத்த வண்டித்தடம் அது. வேலியோரம் ஒரு ஆண்மயில் செத்துக் கிடந்தது. தோகை மண்ணில் நீளமாகக் கிடந்தது. நாய் கடித்த காயம் இல்லை, ரத்தம் இல்லை. கால்கள் வயிற்றோடு மடங்கி இறுகியிருந்தன. வாயோரம் நுரை.

அம்மாவிடம் சொன்னேன். அம்மா அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள்.

"நாய் கடிச்சிருக்கும்."

"ரத்தமே இல்லம்மா."

"அப்பச் சீக்கு வந்திருக்கும். கை கால் கழுவிட்டு வா, டீ ஆறுது."

எந்த இடம் என்று அம்மா கேட்கவே இல்லை.

பொழுது சாய்ந்ததும் மறுபடி போய்ப் பார்த்தேன். மயில் இல்லை. கொஞ்சம் தள்ளி மண் புதிதாகக் கிளறி மூடியிருந்தது.

ஜனவரி 18, சனி

இன்று முழுக்கக் காட்டில் மயில் விரட்டினேன். நாங்கள் வயலைக் காடு என்றுதான் சொல்வோம். அம்மா நிலக்கடலை விதைத்திருக்கிறாள். ஏற்கனவே விதைத்ததை மயில்கள் கிளறித் தின்றுவிட்டன, இது இரண்டாம் விதைப்பு. வேலி நெடுகப் பழைய சேலை கட்டியிருக்கிறோம். தட்டைத் தட்டினால் பறந்து போய் வேலிமேல் உட்கார்ந்து நம்மையே பார்க்கும். கை ஓய்ந்ததும் இறங்கிவிடும்.

பக்கத்துக் காட்டுச் சென்னியப்பன் மாமா வேலிக்கு அந்தப் பக்கம் நின்று சிரித்தார்.

"என்ன தெய்வாத்தா, மயிலுக்குச் சோறு வெதச்சிருக்கறயாட்ட இருக்குது?"

"உங்க காட்டுல அதுகளுக்கு வேண்டியது ஒண்ணும் வெளையறதில்லீங்களே, அதுதான் இங்க வருதுக" என்றாள் அம்மா.

"மயிலை முருகன் பாத்துக்குவாரு. கடலைய யாரு பாத்துக்கறது?" என்றார் மாமா. சொல்லிவிட்டு இட்டேரிப் பக்கம் பார்த்தார். ஏன் அந்தப் பக்கம் பார்த்தார்? எனக்கு மாமாமேல்தான் சந்தேகம்.

இன்னொன்று. இதை இங்கே மட்டும்தான் எழுதுவேன். ஒரு கால் நொண்டுகிற பெட்டை மயில் ஒன்று எனக்குப் பழக்கம். கோழிக்கு அப்பா வாங்கி வருகிற குருணையில் ஒரு பிடி எடுத்து, வீட்டுக்குப் பின்னால் துவைக்கிற கல்மேல் போட்டு, கோழியைக் கூப்பிடுகிற மாதிரியே "பா... பா... பா..." என்பேன். நொண்டி வந்துவிடுவாள். முன்பெல்லாம் தனியாக வந்தாள். இப்போது அவள் பின்னாலேயே ஒரு கூட்டம் வருகிறது. எனக்கு எவ்வளவு சந்தோஷம் தெரியுமா?

ஜனவரி 19, ஞாயிறு

அப்பா பழனிக்கு மாலை போட்டார். தைப்பூசத்துக்கு வருஷா வருஷம் நடந்தே போவார். அப்பா எண்ணெய் மில்லில் டெம்போ ஓட்டுகிறார். காட்டு வேலை எல்லாம் அம்மாதான்.

மாலையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு அப்பா சொன்னார். "இனி ஒரு எறும்பைக்கூட நசுக்கக் கூடாது. கறி மீனு வீட்டுப் பக்கமே வரக் கூடாது. முக்கியமா, மாலையோட பொய் பேசக் கூடாது."

"அப்ப டெம்போவைத் தூக்கிட்டுத்தான் போவீங்களாக்கும்? எறும்பு அடியில சிக்குமல்லங்க" என்றாள் அம்மா.

அப்பா சிரித்துவிட்டார். அம்மாவும் சிரித்தாள். அப்புறம் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, சிரிப்பே இல்லாமல் சொன்னாள்.

"அட்டாலியில குருணை வெச்சிருக்கறேன். அதத் தொட்டுத் தொலைக்காத."

கோழிக் குருணை எப்போதும் சமையல்கட்டு டிரம்மில்தான் இருக்கும். அதை ஏன் பரணில் ஏற்ற வேண்டும்? நான் திருடுவது தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். அம்மா இவ்வளவு கஞ்சத்தனம் பண்ணுவாள் என்று நினைக்கவில்லை.

ஜனவரி 22, புதன்

இன்று இட்டேரியில் இரண்டு செத்துக் கிடந்தன. ஒன்று குஞ்சு.

ஜனவரி 23, வியாழன்

நொண்டி இன்று வரவில்லை.

வேனுக்கு நேரமாகிவிட்டது. கோழிக்குத் தீனி போடுகிற அலுமினியக் கிண்ணம் துவைக்கிற கல்லுக்குக் கீழே கிடந்தது, அடியில் கொஞ்சம் குருணை ஒட்டியிருந்தது. அதை வழித்துக்கொண்டிருந்தேன். அம்மா எங்கிருந்து ஓடி வந்தாளோ தெரியவில்லை. கிண்ணத்தைத் தட்டிவிட்டு, என் மணிக்கட்டைப் பிடித்துத் தண்ணீர்த் தொட்டிக்கு இழுத்துக்கொண்டு போனாள். சோப்புப் போட்டுக் கழுவினாள், மறுபடி போட்டாள், மறுபடியும். நகத்துக்குள் எல்லாம் தேங்காய் நாரால் தேய்த்தாள். எரிந்தது.

"வாயில வெச்சியா? சொல்லு, வாயில கைய வெச்சியா?"

"இல்லம்மா."

முதுகில் ஓர் அறை விழுந்தது. அப்புறம் என்னைக் கட்டிக்கொண்டாள். ஒரு பிடி கோழித் தீனிக்கு இவ்வளவா?

ஜனவரி 24, வெள்ளி

பள்ளிக்கூடச் சுவரில் வனத்துறை எண் ஒன்று ஒட்டியிருக்கிறது. அதைப் பற்றி நான் இங்கே ஒன்றும் எழுதப் போவதில்லை. வேன் டிரைவர் அண்ணன் போனைக் கொஞ்ச நேரம் வாங்கினேன். கணக்கு வீட்டுப்பாடம் கேட்பதற்கு.

ஜனவரி 26, ஞாயிறு

அப்பா காவடிக்கு மயில்தோகை கட்டினார். போன வருஷத் தோகை மங்கியிருந்தது. இது பளபளவென்று இருக்கிறது.

"ஏதுங்ப்பா இது?"

"இட்டேரியில உதுந்து கெடந்துது அம்மிணி."

ஒரு மயில் இவ்வளவு தோகையை ஒரே இடத்தில் உதிர்க்குமா? அதுவும் தையிலா? அப்பாவைப் பார்க்கவே எனக்குப் பயமாக இருந்தது. எடுத்து மண்ணில் புதைத்தது இவர்தானா? ஆனால் அப்பா மில்லுக்குப் போனால் இருட்டித்தான் வருவார். வாசலில் எறும்பு வரிசை போனால் தாண்டிப் போகிறார். இவரால் முடியாது. அப்படியானால் சென்னியப்பன் மாமாதான். மாமாவேதான்.

நான் யார் யாரையோ நினைக்கிறேன். ஒருத்தரை மட்டும் நினைக்காமல் இருக்கிறேன்.

ஜனவரி 28, செவ்வாய்

வனத்துறை ஜீப் வந்தது. யார் சொன்னார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. சென்னியப்பன் மாமா காட்டிலும் தேடினார்கள், எங்கள் காட்டிலும் தேடினார்கள். இட்டேரியில் புதைத்ததைத் தோண்டி எடுத்து ஒரு வெள்ளைச் சாக்கில் போட்டார்கள்.

காக்கி உடுப்புப் போட்ட ஓர் அக்கா என்னிடம் நல்லவிதமாகப் பேசினார். அவருக்குத் தெக்கத்திப் பேச்சு.

"ஏட்டி பாப்பா, வீட்டுல குருணை இருக்கா?"

"இருக்குதுங்க்கா."

"யாரு வாங்கிட்டு வருவா?"

"அப்பாங்க."

"எதுக்கு?"

அம்மா மாட்டுக்கொட்டாயில் இருந்தாள், காதில் விழுந்துவிடுமோ என்று நான் தயங்கினேன். அக்கா குனிந்து, "மயிலுக்குப் போடவா?" என்று மெதுவாகக் கேட்டார். என் ரகசியத்தை ஒருத்தராவது கண்டுபிடித்தாரே என்று இருந்தது எனக்கு. ஆமாம் என்று தலையாட்டினேன். நான்தான் எடுத்துப் போடுகிறேன் என்று சொல்வதற்குள் ஜீப்பிலிருந்து கூப்பிட்டார்கள். அக்காவின் முகம் மாறிவிட்டது. என் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார்.

ஏன் முகம் மாறியது?

ஜனவரி 29, புதன்

எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. இருந்தாலும் எழுதுகிறேன்.

ஸ்கூல் விட்டு வந்தபோது அம்மா காட்டில் இருந்தாள். நாற்காலி போட்டு அட்டாலியில் பார்த்தேன். பழைய சீமெண்ணெய் டப்பாவுக்குப் பின்னால் ஒரு பொட்டலம். மேலே மண்டை ஓடு. 'குருணை மருந்து' என்று எழுதியிருந்தது. பூச்சிக்குப் போடுகிற மருந்து. அதற்கும் இதே பெயர்தான், எனக்குத் தெரியாதா என்ன? தெரியும். கடையில் கேட்டிருக்கிறேன். ஆனால் எனக்குக் குருணை என்றால் நொறுங்கின அரிசிதான் ஞாபகம் வரும்.

"எறங்கு" என்றாள் அம்மா. வாசலில் களைக்கொத்தோடு நின்றாள்.

"என்னம்மா இது?"

"படிக்கத் தெரியுமல்ல? படி."

"நீயா?"

அம்மா களைக்கொத்தை மூலையில் சாய்த்து வைத்தாள். முகம் கழுவினாள். துண்டைத் தேடித் துடைத்தாள்.

"மாலை போட்டது உங்கொப்பன். நானில்ல."

"பாவமில்லையா?"

"பாவந்தான். யாரு இல்லைங்கறா? ரெண்டு தடவ வெதச்சேன். மூணாவதுக்குக் கெணத்துல தண்ணியில்ல. சீலை கட்டுனேன். தட்டுத் தட்டுனேன். தொண்டை கட்டற வரைக்கும் கத்துனேன். நீயும்தான் நின்னியே. போச்சா?"

"அதுக்குக் கொல்லறதா?"

"நான் கண்ணாலமாகி வந்தப்போ பொழுதுவுழுந்தா அந்த இட்டேரியில நரி ஊளையிடும். எனக்குத் தூக்கமே வராது, அவ்வளவு பயம். மயில் முட்டையெல்லாம் அதுகளுக்குத்தான். உங்க தாத்தன் கோழி புடிக்குதுன்னு வெடி வெச்சு வெச்சே நரியத் தொலைச்சுப் போட்டாரு. ஊரே கைதட்டுச்சு. அன்னைக்கு எந்த ஜீப்பும் வரல. நரி பாத்த வேலைய இப்ப நான் பாக்கறேன்."

"நரி பசிச்சாத்தாம்மா கொல்லும்."

"எனக்குப் பசியில்லைங்கறயா?"

நரிக்கு ஒரு மயில் போதும். இந்தப் பொட்டலத்துக்கு எது வந்தாலும் சரி, குஞ்சு, கோழி, நாய், நான்கூட. ஆனால் நரிக்குத் தன் வயிறு மட்டும்தான், அம்மாவுக்கு நானும் இருக்கிறேன்.

அப்புறம் அம்மா சொன்னதை எழுதாமல் விட்டுவிடலாம் என்று பார்த்தேன்.

"அதுகள வாசல் வரைக்கும் பழக்குனது யாருன்னு எனக்குத் தெரியாதுன்னு நெனச்சியா? பா, பான்னா ஓடி வருதுக. நானும் அப்படித்தான் கூப்பிட்டேன்."

சொல்லும்போது அம்மா என்னைப் பார்க்கவில்லை.

"அந்த மாலை என்ற கழுத்துல கெடந்திருந்தா நானும் தொட்டிருக்க மாட்டேன். நானும் மாலையப் போட்டுட்டுக் கண்ண மூடி உக்காந்தா காட்டை யாரு பாக்கறது?"

ஜனவரி 30, வியாழன்

காலையில் சாப்பிடவில்லை. டிபன் பாக்ஸை அப்படியே திருப்பிக் கொண்டுவந்தேன். சாயங்காலம் அம்மா ரசம் சோறு பிசைந்து தட்டில் வைத்தாள். நான் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். சோற்றில் ஒரு நொறுங்கின அரிசி தெரிந்தது.

அம்மாவுக்குப் புரிந்துவிட்டது.

"உனக்கும் வெச்சிருப்பேன்னு நெனச்சியா?"

தட்டைத் தன் பக்கம் இழுத்து, ஓரத்தில் ஒரு வாய், நடுவில் ஒரு வாய், இந்தப் பக்கம் ஒரு வாய் என்று மூன்று இடத்தில் எடுத்து உண்டாள். மென்று விழுங்கினாள். தட்டை என் பக்கம் தள்ளினாள். கண்ணில் தண்ணீர் நின்றது, விழவில்லை.

உண்டேன். உப்பு அதிகம். நான் சொல்லவில்லை.

ஜனவரி 31, வெள்ளி

நொண்டி உயிரோடு இருக்கிறாள்!

துவைக்கிற கல்மேல் வந்து நின்றாள். தனியாக. கழுத்தை ஒரு பக்கம் சாய்த்து, தீனி எங்கே என்று என்னைப் பார்த்தாள். ஒரு அடி கிட்டே வந்தாள். நான் கல்லை எடுத்து அடித்தேன். முதல் கல் படவில்லை. அவள் நகரவும் இல்லை, நான் எறிந்தது தீனி என்று நினைத்துக் கல்லைக் கொத்தப் போனாள். இரண்டாவது அவள் இறக்கையில் பட்டது. கத்திக்கொண்டு வேலி தாண்டிப் போனாள்.

மனுஷர் கூப்பிட்டால் வரக் கூடாது என்று அவளுக்கு யார் சொல்லிக் கொடுப்பது? வரச் சொல்லிக் கொடுத்தது நான்தானே.

அம்மா சமையல்கட்டு ஜன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிப்ரவரி 1, சனி

மத்தியானம் ஜீப் வந்தது. அப்பாவுக்கு இன்று மில் அரை நாள், வீட்டில் இருந்தார். காக்கி அக்காவும் மீசை வைத்த ஓர் ஆபீசரும் வந்தார்கள். மயிலின் வயிற்றில் குருணை மருந்து இருந்ததாம்.

"வேலுச்சாமி யாரு?"

"நாந்தானுங்க."

"நீங்கதான் வாங்கிட்டு வருவீங்க, மயிலுக்கு வெக்கத்தான் வாங்கறீங்கன்னு உங்க பொண்ணே சொல்லிருக்கு."

அப்பா என்னைப் பார்த்தார். திட்டுகிற பார்வை இல்லை. ஒன்றும் புரியாத பார்வை. காக்கி அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"அக்கா, நான் சொன்னது அரிசிக் குருணைங்க்கா. கோழிக்குப் போடறது. நான் திருடி மயிலுக்குப் போட்டேன்."

அக்கா திகைத்துப் போனார். "அரிசியா? எங்க ஊருல அத நொய்யின்னுல்லா சொல்லுவோம்..."

"சரி, அது அரிசி. அப்ப மருந்து யாரோடது?" என்றார் ஆபீசர்.

என் வாயில் பதில் இருந்தது. கொட்டாயில் எருமை கத்தியது. அம்மா அதன் கயிற்றைப் பிடித்தபடி கல்லாக நின்றாள். அப்பா அம்மாவைப் பார்த்தார். அந்த ஒரு பார்வையிலேயே அவருக்கு எல்லாம் தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

அப்பா வீட்டுக்குள் வந்தார். என்னையும் கூப்பிட்டார். மாலையைத் தலைவழியாகக் கழற்றினார், கண்ணில் ஒற்றினார், என் கையில் கொடுத்தார்.

"சாமி படத்துக்கிட்ட வெய்யி கண்ணு."

"ஏனுங்ப்பா? தைப்பூசம் இன்னும் வரலையே?"

அப்பா என் தலையைத் தடவிவிட்டு வெளியே போனார். "நாந்தானுங்க வெச்சேன்" என்று சொன்னது உள்ளே கேட்டது.

அம்மா வாயைத் திறந்தாள். "ஏனுங்க..." என்பதற்குள் அப்பா, "தெய்வாத்தா, எருமைக்குத் தண்ணி காட்டிரு. வெயில்ல நிக்குது" என்றார். ஜீப்பில் ஏறிக்கொண்டார். செருப்புக்கூட இல்லை.

வேலிக்கு அந்தப் பக்கம் சென்னியப்பன் மாமா தலைத்துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அவரை இத்தனை நாள் என்னென்னவோ நினைத்தேன்.

மாலையோடு பொய் பேசக் கூடாது. அதனால்தான் கழற்றினார். எனக்கு இதை எழுதும்போதுதான் புரிகிறது. அப்பா ஜெயிலுக்குள்ளே இருந்தால் நான் வாயை மூடியதால். அம்மா உள்ளே போனால் நான் வாயைத் திறந்ததால். இரண்டு பக்கமும் என் வாய்தான்.

மாலையைச் சாமி படத்தருகே வைக்கவில்லை. என் தலையணைக்கு அடியில் இருக்கிறது. ஏன் என்று கேட்டால் தெரியாது. அம்மா எருமைக்குத் தண்ணீர் காட்டினாள், கோழியை அடைத்தாள், அப்புறம் துவைக்கிற கல்மேல் போய் உட்கார்ந்துவிட்டாள். சாப்பிடக் கூப்பிட்டேன், வரவில்லை. நான் மறுபடி நாற்காலி போட்டு அட்டாலியைப் பார்த்தேன்.

பொட்டலம் இல்லை.

எங்கே கொண்டுபோனாள்? கல்மேல் உட்கார்ந்திருந்தபோது அவள் மடியில் ஏதோ இருந்த மாதிரி இருந்தது. ஓடிப் போய்ப் பார்த்தேன், கல் காலியாக இருந்தது. அம்மா, அம்மா என்று கூப்பிட்டேன். "இங்கதான் இருக்கறேன், போய்ப் படு" என்று இருட்டுக்குள்ளிருந்து குரல் வந்தது. கொட்டாய்ப் பக்கம் மண்வெட்டிச் சத்தம் கேட்டது. அப்புறம் அதுவும் நின்றுவிட்டது. வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு மயில் அகவியது. நொண்டியாக இருக்குமா? வராதே. யார் கூப்பிட்டாலும் வராதே.

குளியலறையில் தண்ணீர்ச் சத்தம். இந்த நேரத்திலா? குடம் குடமாக ஊற்றுகிற சத்தம். பயமாக இருக்கிறது. எழுந்து போகவும் பயம், போகாமல் இருக்கவும் பயம். எழுதிக்கொண்டிருந்தால் ஒன்றும் நடக்காது என்று எழுதுகிறேன்.

சத்தம் நின்றுவிட்டது.

கதவு தட்டுகிறார்கள். அம்மா இந்தக் கதவைத் தட்டியதே கிடையாது. எப்போதும் தள்ளிக்கொண்டுதான் வருவாள்.

"சுபி, தூங்கிட்டயா? உங்கொப்பன் மாலைய சாமி படத்துக்கிட்டக் காணம். உன்கிட்டயா இருக்குது?"

கதவுக்கு அடியில் ஈரக்கால் தெரிகிறது. தண்ணீர் சொட்டுகிறது.

"தலைக்குத் தண்ணி வாத்துட்டு வந்திருக்கறேன் கண்ணு. அதக் குடு. போட்டுட்டுத்தான் விடிஞ்சதும் அந்த ஆபீசுக்குப் போகோணும்."

நான் மாலையை எடுத்து...